காட்டுப் படம் எடுப்பவரிடம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அம்பாசமுத்திரத்தில் எனக்குச் சிறிய ஸ்டூடியோ ஒன்று இருக்கிறது. பாஸ்போர்ட் அளவுப் படம், கல்யாணம், சடங்கு, கோயில் கொடை: கடைக்குச் சோறு போடுபவை இவைதான். மீதி நாட்களில் காட்டுயிர் ஆவணப்படம் எடுக்கிறேன். இருபது வருடங்கள் ஓடிவிட்டன. கடைத் திரையில் ஒரு கூழைக்கடாப் பறவை தண்ணீரில் இறங்கினால் போதும், பாஸ்போர்ட் படத்துக்கு உட்கார்ந்தவர் முகத்தைத் திருப்பிக்கொண்டு கேள்வியை ஆரம்பித்துவிடுவார். பள்ளிக்கூடங்களில் திரையிட்டாலும் அவையே வருகின்றன. வாய் வலிக்கிறது, அதனால் கேட்டவர்களின் கேள்விகளோடு பதில்களையும் எழுதி வைத்துவிட்டேன்.

காட்டுக்குள் போய் வீடியோ எடுப்பதெல்லாம் ஒரு வேலையா அண்ணாச்சி?

வேலைதான். ஆனால் கேமராவைத் தூக்குவது அதில் சிறு பங்கு. மனு எழுதி அலுவலகப் படியேறுவதில் கொஞ்ச காலம் போகும். ஆராய்ச்சியாளர்களிடமும் மலையில் வாழும் காணிக்காரப் பழங்குடியினரிடமும் கேட்டுத் தெரிந்துகொள்வதில் கொஞ்ச காலம். காத்திருப்பில் பெரும்பகுதி. கடைசியில் மாதக்கணக்கில் எடிட்டிங். பதிவாகிறது என்று காட்டும் சிவப்பு விளக்கு எரிந்த நேரத்தையெல்லாம் கூட்டினால், ஒரு வருடத்தில் சில நாட்கள் தேறும்.

கல்யாண வீடியோவில் முகூர்த்த நேரம் பத்திரிகையிலேயே அச்சாகியிருக்கும். இங்கே மாப்பிள்ளை வருவாரா என்று தெரியாது, பெண் வருவாளா என்று தெரியாது, மண்டபத்தையும் நாம்தான் தேடிக் கண்டுபிடிக்க வேண்டும்.

புலியை நேரில் பார்த்திருக்கிறீர்களா?

இரண்டு முறை. இரண்டு முறையும் கேமரா பைக்குள் இருந்தது.

களக்காடு முண்டந்துறைதான் தமிழ்நாட்டின் முதல் புலிகள் காப்பகம், 1988-இல் அறிவித்தார்கள். முண்டந்துறையில் 1962-லேயே புலிக்கென்று சரணாலயம் இருந்தது. அதனால் காரையாறு சாலையில் ஏறினாலே புலி குறுக்கே நிற்கும் என்று பலர் நம்புகிறார்கள். மேலே இருப்பது அடர்ந்த மழைக்காடு. பத்தடி தள்ளி ஒரு மிளா, அதாவது பெரிய மான், நின்றாலே தெரியாது. ஈரமண்ணில் கால்தடம், மரப்பட்டையில் நகக்கீறல், திடீரென்று மிளா போடும் எச்சரிக்கைச் சத்தம், இவற்றைக் கொண்டுதான் புலி இருப்பதை நாங்கள் அறிகிறோம்.

என்னைக் கேட்டால் இந்த மலையின் கதாநாயகன் சோலைமந்தி, அதாவது சிங்கவால் குரங்கு. 1976-இல் களக்காடு சரணாலயம் அமைந்ததே அதற்காகத்தான். வெடிப்பலா மரத்தின் முள்ளோட்டைப் பிய்த்து உள்ளே இருக்கும் விதையைத் தின்னும். அதைப் படமெடுப்பது பெரும்பாடு. குரங்கு கருப்பு, உட்கார்ந்திருக்கும் இடம் மர உச்சி, பின்னால் வெள்ளை வானம். முகத்துக்கு வெளிச்சம் வைத்தால் வானம் வெளுத்துப் போகும், வானத்துக்கு வைத்தால் குரங்கு வெறும் நிழலாகிவிடும். எதிர்ச் சரிவில் ஏறி, மர உச்சி கண்மட்டத்துக்கு வரும் இடத்தைக் கண்டுபிடிக்க எனக்கு ஒரு கோடைக்காலம் முழுவதும் ஆனது.

கேமரா இருந்தால் யார் வேண்டுமானாலும் காட்டுக்குள் போகலாமா?

கூடாது. 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் 28-ஆம் பிரிவின்படி சரணாலயத்துக்குள் படமெடுக்கத் தலைமை வனவிலங்குக் காப்பாளரின் அனுமதி வேண்டும். வாழிடத்தை மாற்றக்கூடாது, உயிர்களுக்குக் கேடு வரக்கூடாது என்ற நிபந்தனை 2022 திருத்தத்தில் சட்ட வரிகளிலேயே சேர்ந்துவிட்டது. என்ன எடுக்கப்போகிறோம், எங்கே, எத்தனை பேர், எத்தனை நாள் என்று எழுதிக் கொடுத்துக் கட்டணம் கட்ட வேண்டும். அனுமதி கிடைத்த பிறகும் வனக்காவலர் ஒருவர் கூடவே வருவார். அவர் வாட்ச்சைப் பார்த்தால் இறங்கிவிட வேண்டியதுதான், எதிரே யானை குளித்துக்கொண்டிருந்தாலும் சரி.

அனுமதி தாமதமானதால் ஒருமுறை பூக்காலம் முழுவதும் கைநழுவியது. அலுவலகத்தைத் திட்டித் தீர்த்தேன். இப்போது ஒரு வருடம் முன்னதாகவே மனு போடுகிறேன். திட்டுவதைவிட அது சுலபமாக இருக்கிறது.

ட்ரோன் பறக்கவிட்டால் ஒரே நாளில் வேலை முடிந்துவிடாதா?

மேலே சொன்ன அனுமதியில் ட்ரோன் தானாகச் சேர்ந்துவிடாது. அதைத் தனியாகக் கேட்க வேண்டும், பெரும்பாலும் மறுப்பார்கள். மறுப்பது நியாயம். கூடுகளின் மேலே அந்த ரீங்காரம் போனால் தாய்ப் பறவைகள் மொத்தமாக எழும்பிவிடும். திறந்து கிடக்கும் முட்டைக்கும் குஞ்சுக்கும் வெயில் ஒரு பக்கம், காக்கை மறுபக்கம். அழகான அந்தக் காட்சிக்கு எத்தனை முட்டை செலவானது என்று திரையில் தெரியாது.

ஒரு படம் எடுக்க எவ்வளவு நாள் ஆகும்?

குளம் சொல்கிறபடி ஆகும். நாங்குநேரிப் பக்கம் கூந்தன்குளத்தில் நான் எடுத்த படத்துக்கு ஒரு கூடுகட்டும் பருவம் போதும் என்று கணக்குப் போட்டிருந்தேன். 129 ஹெக்டேர் பரப்புள்ள இந்தச் சரணாலயம் 1994-இல் அறிவிக்கப்பட்டது. குளம் நிறைந்தால் கூழைக்கடாவும் மஞ்சள் மூக்கு நாரையும் கருவேல மரங்களில் மட்டுமல்லாமல், ஊருக்குள் வீட்டுப் புழக்கடை மரங்களிலும் கூடு கட்டும். குளிர்காலத்தில் இமயமலையைத் தாண்டிப் பட்டைத்தலை வாத்துகள் வரும். நான் போன முதல் வருடம் தண்ணீர் சரியாக வரவில்லை. பறவையும் வரவில்லை. காய்ந்த குளத்தில் மாடு மேய்வதைப் படமெடுத்துவிட்டுத் திரும்பினேன். மூன்றாம் வருடம்தான் படம் முடிந்தது. அந்த மாடுகளும் படத்தில் இருக்கின்றன, அவைதான் தொடக்கக் காட்சி.

மறைவிடத்தில் நாள் முழுக்க என்ன செய்வீர்கள்? சலிக்காதா?

சலிக்கும். சாக்கும் கருவேல முள்ளும் சேர்த்துக் கட்டிய கூண்டு, நாலடிக்கு நாலடி. விடியும் முன்னே நுழைய வேண்டும், இருட்டிய பிறகுதான் வெளியே வர வேண்டும். உள்ளே ஒரு முக்காலி, தண்ணீர் பாட்டில், காலி பாட்டில் (எதற்கென்று கேட்காதீர்கள்), புளியோதரை. தயிர்சாதம் கொண்டுபோனால் பதினோரு மணிக்குத் தூக்கம் வரும்.

ஆனால் ஒரே கூட்டை எட்டு மணி நேரம் பார்த்தால்தான் சிலது தெரியவரும். ஏப்ரல் மாத வெயிலில் ஒரு மஞ்சள் மூக்கு நாரை, கூட்டின் விளிம்பில் நின்று இரண்டு சிறகையும் பாதி விரித்துத் தொங்கவிட்டது. சோம்பல் முறிக்கிறது என்று நினைத்தேன். வெயில் நகர நகர அதுவும் கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பியது. கூட்டுக்குள் பார்த்தால் மூன்று குஞ்சுகள், மூன்றும் சிறகு நிழலுக்குள். ஒரு குஞ்சின் தலை வெளியே வந்தால் தாய் அரை அடி நகரும். பதினொன்றரை முதல் மூன்று மணி வரை அது இரை தேடப் போகவில்லை. அந்த மூன்றரை மணி நேரத்தைப் படத்தில் நாற்பது நொடியில் காட்டியிருக்கிறேன். இன்னும் கொஞ்சம் விட்டிருக்கலாம் என்று இப்போதும் தோன்றுகிறது.

அட்டை கடிக்காதா?

கடிக்கும். மாஞ்சோலை, காக்காச்சி, நாலுமுக்குப் பக்கம் மழைக்காலத்தில் போனால் கடிக்காமல் விடாது. முழங்கால்வரை துணியுறை, அதன்மேல் மூக்குப்பொடித் தண்ணீர். மீறிக் கடித்தால் இரத்தம் கொஞ்ச நேரம் நிற்காது, பயப்பட ஒன்றுமில்லை. எனக்குப் பயம் அட்டையைக் கண்டு அல்ல, கரடியைக் கண்டுதான்.

எந்த கேமரா வாங்கலாம்?

கையில் இருக்கும் போனிலிருந்து ஆரம்பியுங்கள். பணம் சேர்ந்தால் முதலில் கேமராவை நிறுத்த நல்ல முக்காலி (ட்ரைபாட்) வாங்குங்கள், பிறகு லென்ஸ், கடைசியில் கேமரா. எல்லோரும் தலைகீழாகச் செய்துவிட்டுப் படம் ஆடுகிறது என்று என்னிடம் வருகிறார்கள். 600 மில்லிமீட்டர் லென்ஸில் உங்கள் மூச்சே நிலநடுக்கம்போலத் தெரியும். மீன்கொத்தி பாய்வதை மெதுவாகக் காட்ட வேண்டுமென்றால் நொடிக்கு 100 ஃபிரேமுக்கு மேல் எடுத்து 25-இல் ஓட்ட வேண்டும். அதற்கு வெளிச்சம் நிறைய வேண்டும் என்பதால் மேக மூட்டத்தில் முயல வேண்டாம்.

மேலே மலையில் லென்ஸுக்கு எதிரி பூஞ்சை. இரண்டு மாத ஈரத்தில் கண்ணாடிக்குள் சிலந்திவலைபோலப் படரும். அரிசி டப்பா மாதிரி இறுக மூடும் டப்பாவில் சிலிக்கா ஜெல் போட்டு வையுங்கள்.

எடுத்ததைக் காப்பது தனிக் கதை. 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் பெய்த மழையை இந்தப் பக்கத்தில் யாரும் மறந்திருக்க மாட்டார்கள். அப்போது என் ஹார்ட் டிஸ்க்குகள் திருநெல்வேலியில் ஒரு வீட்டின் கீழ்த்தளத்து அலமாரியில், அடித்தட்டில் இருந்தன. இரண்டு பிரதிகள் வைத்திருக்கிறேன் என்று பெருமை வேறு. இரண்டும் ஒரே தட்டில். தாமிரபரணி இரண்டையும் ஒன்றாக நனைத்தது. சங்கரன்கோவிலில் தங்கை வீட்டுப் பீரோவில் கிடந்த மூன்றாவது பிரதியால்தான் இன்று உங்களுக்குக் காட்ட என்னிடம் ஏதோ இருக்கிறது.

படத்தில் கேட்கும் சத்தமெல்லாம் அந்த நேரத்தில் பதிவானதுதானா?

பெரும்பாலும் இல்லை. இருநூறு அடிக்கு அப்பால் இருக்கும் பறவையை லென்ஸ் பக்கத்தில் கொண்டுவந்துவிடும். மைக்கால் அது முடியாது. அதில் விழுவது காற்றும், தூரத்து டிராக்டரும், என் வயிற்றுச் சத்தமும்தான். அதனால் சத்தத்தைத் தனியாகப் பதிகிறோம். அதே குளம், அதே பருவம், ஆனால் வேறொரு விடியற்காலை. கூட்டின் அடியில் மைக்கை வைத்துவிட்டு நாங்கள் விலகிப்போய்விடுவோம்.

சில சத்தங்களை அப்படியும் பிடிக்க முடியாது. தொலைக்காட்சிப் படங்களில் சிலந்தி நடக்கும் சத்தம் கேட்கிறதே, அது ஏதோ ஓர் அறையில் யாரோ விரலால் செய்தது. பனியில் கரடி நடக்கும் சத்தத்தைச் சோளமாவு மூட்டையைப் பிசைந்து உண்டாக்குவார்கள். இது தொழிலில் ஊரறிந்த ரகசியம்.

அப்படியானால் நீங்களும் ஏமாற்றுகிறீர்கள் என்றுதானே அர்த்தம்?

பாப்பாக்குடிப் பக்கம் ஒரு பள்ளியில் எட்டாம் வகுப்புச் சிறுமி எழுந்து கேட்டது. ஆசிரியை அவளை உட்காரச் சொன்னார். நான் வேண்டாம் என்றேன்.

கல்யாண வீடியோவில் நான் கூசாமல் செய்வது ஒன்று உண்டு. முந்தின நாள் நிச்சயதார்த்தத்தில் சிரித்த மாமியாரைத் தாலி கட்டும் நேரத்தில் வெட்டி ஒட்டிவிடுவேன். உண்மையில் அந்த நேரத்தில் அவர் பந்தியில் யாரையோ சத்தம் போட்டுக்கொண்டிருந்தார். இரு வீட்டாருக்கும் சந்தோஷம். இதே கையோடு காட்டுப் படத்துக்குப் போனேன். என் முதல் படத்தில் மலை அணில் ஒன்று திடுக்கிட்டுப் பார்க்கும், அடுத்த காட்சியில் கழுகு வரும். அணில் திடுக்கிட்டது என் தும்மலுக்கு. கழுகு வேறொரு மாதத்தில் பறந்தது. கைதட்டல் கிடைத்தது. களத்தில் பல வருடம் இருந்த ஆராய்ச்சியாளர் ஒருவர் மட்டும், “அந்தக் கழுகு அங்கே அணில் பிடிப்பதை நீங்கள் பார்த்தீர்களா?” என்று கேட்டார். பார்க்கவில்லை. ஆனால் படம் பார்த்தவர்கள் அத்தனை பேரும் இப்போது அதைப் ‘பார்த்தவர்கள்’.

அதன்பிறகு நானே போட்டுக்கொண்ட கோடு இதுதான். நேரத்தைச் சுருக்கலாம். அதே இடத்துச் சத்தத்தைச் சேர்க்கலாம். நடக்காத ஒன்றை நடந்ததாக அடுக்கக்கூடாது. இரை கட்டிவைத்து வரவழைப்பது, கூண்டு விலங்கைக் காட்டு விலங்கென்று காட்டுவது, கூட்டுக்கு முன்னால் இருக்கும் கிளையை வெட்டுவது, இவை கோட்டுக்கு அந்தப் பக்கம். இரண்டு நாரைகளின் காட்சியை ஒரே தாயாகக் காட்டலாமா என்பதில் எனக்கே இன்னும் தடுமாற்றம் இருக்கிறது. மறைவிடக் கேள்வியில் சொன்ன நாற்பது நொடி ஒரே பறவை, ஒரே நாள். அதனால் அதை எங்கே கேட்டாலும் தைரியமாகச் சொல்கிறேன்.

குஞ்சு கூட்டிலிருந்து கீழே விழுந்தால் காப்பாற்றுவீர்களா, படம் எடுப்பீர்களா?

கூந்தன்குளத்தில் இது தினம் நடக்கும். தெருமரத்தில் கூடு, கீழே சிமெண்டுத் தரை. ஒருநாள் கூழைக்கடாக் குஞ்சு ஒன்று விழுந்து, கழுத்தைத் தூக்க முடியாமல் துடித்தது. என் கை பழக்கத்தில் கேமராவைத் திருப்பியது. திண்ணையில் இருந்த பாட்டி ஒருவர், “பெட்டியைக் கீழே வையப்பா” என்றார். குரல்கூட உயரவில்லை. முந்தானையால் குஞ்சை அள்ளிக்கொண்டு போய்விட்டார். தீபாவளிக்கு வெடி போடாத ஊர் அது. விழுந்த குஞ்சுக்கு மீன் கொடுத்து வளர்த்துவிடுவது அங்கே சாதாரணம். கேமராவில் பன்னிரண்டு நொடி பதிவாகியிருந்தது. அதைப் படத்தில் சேர்க்கவில்லை, பாட்டியைத்தான் சேர்த்தேன்.

நடுக்காட்டில் கணக்கு வேறு. செந்நாய்கள் மிளாக் கன்றை மடக்கினால் நான் குறுக்கே போக மாட்டேன். செந்நாய்க்கும் குட்டி உண்டு. கண்ணிக் கம்பியில் மாட்டியிருந்தால் அது மனிதன் செய்த வினை, கேமராவை அணைத்துவிட்டு வனத்துறையைக் கூப்பிடுவேன்.

இதில் என்ன வருமானம் வரும்?

தொடக்கத்தில் சொன்ன பாஸ்போர்ட் அளவுப் படம்தான் வருமானம். ஆவணப்படத்துக்கு நல்கை (உதவித்தொகை) கிடைத்தால் செலவு ஈடாகும். ஒரு தொலைக்காட்சி நிறுவனம் என் இருவாச்சிப் பறவைக் காட்சியைப் பெயரும் போடாமல், பணமும் தராமல் ஒளிபரப்பியது. கேட்டதற்கு, விளம்பரம் கிடைத்ததே என்றார்கள். விளம்பரத்தை வைத்து ரேஷன் கடையில் எதுவும் தருவதில்லை. மனைவி ஆசிரியை. அவர் சம்பளம் வரும் வீடு என்பதால்தான் நான் மூன்றாம் வருடம்வரை குளத்துக்குப் போக முடிந்தது. இதைச் சொல்லாமல் ‘கனவைத் துரத்துங்கள்’ என்று மேடையில் பேசுபவர்களை நம்பாதீர்கள்.

தமிழ் விவரிப்பு ஏன் இப்படி வறட்சியாக இருக்கிறது?

மொழிபெயர்த்து எழுதுவதால். ‘இரக்கமற்ற வேட்டைக்காரன்’ என்று பாம்பைச் சொல்கிறோம். அது பசிக்குச் சாப்பிடுகிறது. நம் பக்கத்தில் மிளா, கருமந்தி, தேவாங்கு, மடையான் என்று ஒவ்வொன்றுக்கும் ஊர்ப்பெயர் இருக்கிறது. காணிக்காரர்களிடம் கேட்டால் ஒரே மரத்தின் தளிருக்கும் காய்க்கும் என்னென்ன வரும் என்று சொல்வார்கள். அந்தப் பேச்சை அப்படியே படத்தில் வைத்தால் எழுத்தாளரே தேவையில்லை. காட்டுயிரைப் பற்றித் தெளிவாக எழுதுவது எப்படி என்று பார்க்க வேண்டுமானால், 1912-இல் திருநெல்வேலியில் பிறந்த மா. கிருஷ்ணனைப் படியுங்கள். கறுப்பு வெள்ளையில் யானைகளைப் படமெடுத்த அவர், தமிழிலும் எழுதியவர்.

உங்கள் காட்டில் மனிதர்களே கிடையாதா?

குத்தலான கேள்வி, தகும். என் முதல் படத்தில் மாஞ்சோலையைப் பனியும் பறவையுமாக மட்டும் காட்டினேன். தேயிலைத் தோட்டத் தொழிலாளர் குடியிருப்புகள் வராதபடி கேமராவைத் திருப்பித் திருப்பி வைத்தேன். சிங்கம்பட்டி ஜமீனிடமிருந்து தோட்ட நிறுவனம் 1929-இல் 99 வருடக் குத்தகைக்கு எடுத்த 8,373 ஏக்கர் அது. குத்தகை 2028-இல் முடிகிறது. தலைமுறைகளாக அங்கே இலை பறித்தவர்களை 2024-இல் வீட்டைக் காலி செய்யச் சொன்னபோது, ஒரு பெரியவர் என் பழைய படத்தைப் பார்த்துவிட்டு, “எங்கள் லயன் வீடு இதில் எங்கே தம்பி?” என்றார். நடக்காததைச் சேர்க்கக்கூடாது என்று முன்னே கோடு போட்டேன் அல்லவா? இருந்ததைத் துடைப்பதும் அந்தக் கோட்டுக்கு அந்தப் பக்கம்தான். அந்தப் படத்தை இப்போது திரையிடுவதில்லை.

படம் எடுத்து என்ன ஆகிவிடப்போகிறது?

சில நேரம் ஆகியிருக்கிறது. கர்நாடகத்தின் குதிரேமுக்கில் இரும்புச் சுரங்கம் மழைக்காட்டையும் ஆற்றையும் என்ன செய்கிறது என்று சென்னையைச் சேர்ந்த சேகர் தத்தாத்ரி ஒரு சிறு படம் எடுத்தார். வழக்கு நடத்தியவர்களுக்கு அது கைகொடுத்தது. 2005-ஆம் ஆண்டோடு சுரங்கத்தை மூட உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது.

படத்தால் கெடுதலும் வரும். தேவாங்கு இருக்கும் தோப்பின் பெயரை நான் சொல்ல மாட்டேன். கழுகுக் கூட்டின் இடத்தையும் சொல்ல மாட்டேன். போனில் எடுக்கும் படத்தில் இடக்குறிப்பு பதிவாகும், அதை அணைத்துவிட்டுப் பகிருங்கள். திருப்புடைமருதூர் வேறு மாதிரி. கோயில் மருத மரங்களில் அடையும் பறவைகளை ஊரே காத்துவருகிறது. 2005-இல் நாட்டின் முதல் பாதுகாப்புக் காப்பகமாக (கன்சர்வேஷன் ரிசர்வ்) அறிவித்ததும் அந்த இடத்தைத்தான். அங்கே பெயரைச் சொன்னால் ஊருக்குப் பெருமை.

என் மகன் இதைத்தான் செய்வேன் என்கிறான். எங்கே சேர்க்கலாம்?

படக்கலைக்குத் தரமணியில் அரசு திரைப்பட நிறுவனம் இருக்கிறது. காட்டுயிர் உயிரியல் படிக்க மயிலாடுதுறைப் பக்கம் மன்னம்பந்தலில் கல்லூரி உண்டு. டேராடூனில் இந்திய வனவிலங்கு நிறுவனம். உயிரியல் படித்துவிட்டுக் கேமராவைக் கற்பவர்களே நன்றாக வருகிறார்கள் என்பது என் எண்ணம். நான் அப்படி வரவில்லை, அதனால் அணிலுக்குப் பின்னால் கழுகை ஒட்டினேன்.

சேர்ப்பதற்கு முன்னால் ஒன்று செய்யச் சொல்லுங்கள். தாமிரபரணிக் குளங்களில் 2011 முதல் நீர்ப்பறவைக் கணக்கெடுப்பு நடக்கிறது. தன்னார்வலர்களைச் சேர்ப்பார்கள், போகட்டும். பிறகு போனை எடுத்துக்கொண்டு திருநெல்வேலி நயினார்குளக் கரைக்கு ஒரு மாதம் தினமும் காலை ஆறு மணிக்குப் போகட்டும். மடையான் என்னும் கொக்கு ஒன்றைத் தேர்ந்தெடுத்து அதை மட்டும் எடுக்கட்டும். உட்கார்ந்திருக்கும்போது மண் நிறம், பறக்கும்போது வெள்ளை. முப்பதாம் நாள் அவன் எடுத்ததோடு கடைக்கு வரட்டும். வெள்ளிக்கிழமை வேண்டாம், அன்று கல்யாண ஆல்பம் கொடுக்கும் நாள்.